எழுபத்திரண்டாயிரம் மூட்டை

நீதிபதி சொல்லச் சொல்லச் சுருக்கெழுத்தில் எடுப்பவள் நான்.
"ஒப்பந்தத் தகராறு" என்றால் ஒரு வளைவு.
"மாற்றுப் பரிகாரம் உண்டு" என்றால்
ஒரு கொக்கி, அதன்மேல் ஒரு புள்ளி.
பத்தொன்பது வருடத்தில்
அந்தக் கொக்கியில் சட்டை மாட்டிக் கிழிந்து
வீடு திரும்பியவர்கள் எத்தனை பேர் என்று
நான் எண்ணியதில்லை.

குவாஹாத்தியில் இன்று விடியலிலிருந்தே மழை.
மூன்றாம் வரிசையில் ரூபேஸ்வர் பேகு,
லக்கிம்பூர்ப் பக்கத்து மிசிங்.
கால்சட்டை மடிப்பில் இன்னும் காயாத வண்டல்.
சுபன்சிரிக்குக் கரை கட்டியவர்.
மணல் மூட்டை எழுபத்திரண்டாயிரம்
இறக்கினேன் என்கிறார்.
நாற்பத்தோராயிரம்தான்
என்கிறது நீர்வளத் துறை.
மிச்சம்?
ஆறு கொண்டுபோனது என்கிறார்.
"ஆற்றை எதிர்மனுதாரராகச் சேர்க்கவில்லையே"
என்று சிரித்தார் அரசு வழக்கறிஞர்.
கூடச் சிரிக்க ஆளில்லாமல்
கோப்பைப் புரட்டினார்.

ஜோனாலி புராகோஹாய்ன் எழுந்தார்.
"கையெழுத்துப் போடும்போதும் அரசு அரசுதான்.
கிரீடத்தைக் கழற்றி வீட்டில் வைத்துவிட்டு
சந்தைக்கு வந்த வியாபாரி நான் என்று
பில் வரும்போது மட்டும் சொல்லக்கூடாது."

நீதிபதி பேனாவை மூடினார்.
"ஒப்புக்கொள்கிறேன் அம்மா.
மூட்டையை யார் எண்ணுவது?
பிரமாணப் பத்திரம் முக்குளிக்குமா?"

இதை நான் எழுதவில்லை.
தீர்ப்பில் சேராத பேச்சு.

பேராணை என்று பெயர்.
பூட்டிய சிறையைத் திறக்கும்,
பறித்த வேலையைத் திருப்பித் தரும்,
நள்ளிரவில் ஒரு மந்திரியை எழுப்பி
ஏன் என்று கேட்கும்.
இடுப்பளவுத் தண்ணீரில்
இறங்கத் தெரியாது அதற்கு.
சாட்சியைக் கூண்டிலேற்றி
"அன்று படகில் யார் இருந்தார்கள்" என்று
குறுக்கு விசாரணை செய்ய நேரமில்லை.

கொக்கி. புள்ளி. வளைவு.
என் விரல்கள் முன்கூட்டியே போய்விட்டன.

அப்போதுதான் அறுபத்து மூன்றாம் பக்கம்.
செயற்பொறியாளரின் கடிதம்:
வைப்புத்தொகை பதினொரு லட்சத்து நாற்பதாயிரம்,
திருப்பித் தரத்தக்கது.
அவர் கைப்படவே.
"பிறகு ஏன் தரவில்லை?"
அரசு வழக்கறிஞர் முன்னால் புரட்டினார்,
பின்னால் புரட்டினார்,
பின்வரிசை குமாஸ்தாவைப் பார்த்தார்.
குமாஸ்தா மின்விசிறியைப் பார்த்தார்.

"இதற்கு ஆற்றில் இறங்க வேண்டியதில்லை"
என்றார் நீதிபதி.
எட்டு வாரத்தில் தரவேண்டும்.
காரணமில்லாமல் பிடித்துவைப்பது
தகராறு அல்ல, தான்தோன்றித்தனம்.
இந்த வரிக்கு என்னிடம் சுருக்கக் குறி இல்லை.
ஒவ்வொரு சொல்லையும் முழுதாக எழுதினேன்,
மணிக்கட்டு வலித்தது.

மூட்டைக் கணக்குக்கு
இருபத்து நான்காம் ஷரத்துப்படி நடுவர் தீர்ப்பாயம் போக
மனுதாரருக்கு உரிமை உண்டு.
உரிமை. அதற்குக் குறி உண்டு,
மிகச் சின்னது, ஒரு கொசுவின் கால் அளவு.

தாழ்வாரத்தில் பேகு கேட்டார்,
"ஜெயித்தோமா?"
ஜோனாலி குடையை உதறிக்கொண்டே சொன்னார்,
"கொஞ்சம்."
அவர் விரல்விட்டுக் கணக்குப் போட்டார்:
படகுக்காரர்கள், டீசல் கடை,
மூட்டை வாய் தைத்த பதினாறு பெண்கள்.
யாருக்கு முதலில் என்பதில்
இரண்டு முறை சுண்டுவிரலுக்கே திரும்பினார்.

நகல் எப்போது கிடைக்கும் என்று
என்னிடம் கேட்டார்.
வியாழக்கிழமை என்றேன்.
அவர் வெளியே மழையைப் பார்த்தார்.
வாய்தா வாங்கத் தெரியாத ஆறு
இந்நேரம் அங்கே
கணக்கைத் திருத்திக்கொண்டிருக்கும்.

"வியாழன்," என்று சொல்லிக்கொண்டார்,
"அதுவரைக்கும் எழுபத்திரண்டு என்றே வைத்துக்கொள்வோம்."